பிறைக் கணக்கில் செத்த புரோநோட்டு

நிம்மதியான தூக்கத்துக்கு விலையே கிடையாது என்று சொல்பவர்கள் ஆம்பூர்ப் பக்கம் வியாபாரம் செய்ததில்லை. ஆம்பூரில் அதற்கும் விலை உண்டு. 1933-ஆம் வருஷம் பிப்ரவரி முதல் தேதி காலை நிலவரப்படி நாலாயிரத்து எண்பது ரூபாய்.

அந்த விலைக்கு ஒரே ஒரு ராத்திரித் தூக்கத்தை வாங்கியவர் தோல் பதனிடும் ஷாப் முதலாளி சர்தார் பாஷா.

போன வாரம் அவரை மொட்டை மாடியில் விட்டுவிட்டு வந்தோம். சூரியன் இறங்கட்டும், மஃரிப் பாங்கு கேட்கட்டும் என்று பள்ளிவாசல் பக்கம் காதை வைத்துக்கொண்டு நின்றிருந்தார். பாங்கு கேட்டது. மாடிப்படியில் இரண்டிரண்டு படியாக இறங்கி வந்து, "நசீமா, புரோநோட்டு மவுத்து" என்று சொல்லிவிட்டுத் தொழப் போனார். திரும்பி வந்து சாப்பிட்டுப் படுத்தவர், சுபுஹுக்கு எழுந்து தொழுதுவிட்டு மறுபடியும் படுத்து, எட்டரை மணி வரை தூங்கினார். மூன்று வருஷத் தூக்கம் பாக்கி இருந்தது.

இந்த வாரம்தான் நம்மோடு சேர்ந்துகொண்டவர்களுக்கு ஒரு வார்த்தை. மூன்று வருஷத்துக்கு முன்னால், ரம்ஜான் பெருநாளின் மூன்றாம் நாள், வேலூர் தன சகாய பேங்கில் சர்தார் பாஷா புரோநோட்டு எழுதிக் கொடுத்து மூவாயிரம் ரூபாய் வாங்கினார். நூற்றுக்கு மாதம் ஒரு ரூபாய் வட்டி. அத்தனைக்கும் ஆட்டுத் தோல் வாங்கி, ஆவாரம் பட்டையில் பதம் போட்டு லண்டனுக்குக் கப்பலேற்றினார். தோல் பத்திரமாகப் போய்ச் சேர்ந்தது. விலைதான் அதற்கு முன்னாலேயே கடலில் மூழ்கியிருந்தது.

அப்போது வேலூர் வக்கீல் ஒருவர் சொன்ன யோசனை இது: "மூணு வருஷத்துக்குள்ள பேங்க் கோர்ட்டுல தாவா போடலைன்னா, நடுவுல நீங்களும் கடனை ஒத்துக்கிட்டு எதுலயும் கையெழுத்துப் போடலைன்னா, புரோநோட்டு காலாவதி. அப்புறம் அதுல வடை மடிக்கலாம்."

அன்றிலிருந்து சர்தார் பாஷா எதிலுமே கையெழுத்துப் போடவில்லை. ரிஜிஸ்தர் தபால் வந்தால் வீட்டில் இருக்கமாட்டார். பள்ளிவாசல் சந்தாவைக் கொடுத்துவிட்டு, "ரசீது வேணாம், அல்லாவுக்குத் தெரியும்" என்பார். தங்கை மகள் நிக்காஹ்வுக்குச் சாட்சி போடச் சொன்னபோது, உருதுவும் தமிழும் மணிமணியாக எழுதத் தெரிந்த மனுஷர், கட்டை விரலை மையில் முக்கிக் கைநாட்டு வைத்தார். மாப்பிள்ளை வீட்டார் அவரைப் படிக்காதவர் என்று நினைத்து மரியாதையைக் கம்மி செய்ததையும் பொறுத்துக்கொண்டார்.

பொறுத்துக்கொள்ளாமல் என்ன செய்வது? பேங்க் தாவா போட்டால் பாலாற்றங்கரையில் எட்டுத் தொட்டியும் பதினாறு ஆளுமாக ஓடும் ஷாப் ஜப்தியாகிவிடும். இன்றைய மந்தத்தில் அதை ஏலம் விட்டால் தொட்டியில் கிடக்கும் சுண்ணாம்பின் விலைகூட வராது.

அந்தக் கத்திதான் நேற்று, இந்தப் பெருநாளின் மூன்றாம் நாள் முடிந்த மஃரிபோடு, கழுத்தை விட்டுப் போய்விட்டது. அப்படித்தான் அவர் நினைத்தார்.

"ஆற்காட்லேர்ந்து மக்கன் பேடா வந்துடுச்சா?" என்று கேட்டுக்கொண்டே கூடத்துக்கு வந்தார்.

"வந்தாச்சு மச்சான். ருசி பாத்தும் ஆச்சு" என்றான் ஆபித் பாஷா. இவன் நசீமுன்னிசாவின் தம்பி. பேரணாம்பட்டிலிருந்து பெருநாள் விருந்துக்கு வந்தவன். விருந்து முடிந்ததை யாரும் சொல்லாததால் இன்னும் இருக்கிறான்.

"எத்தினி ருசி பாத்தே?"

"நாலுதான். அஞ்சாவதுல முந்திரி கம்மி, அதை எண்ணலை."

நசீமுன்னிசா சமையலறை வாசலில் நின்று தேநீரைக் கொடுத்தாள். முகத்தில் பெருநாள் இல்லை.

"கடன் எங்க மவுத்தாவும்? மனுஷன்தான் மவுத்தாவான்" என்றாள். "அன்னிக்கு அடக்கம் பண்றதுக்கு முன்னே தொழ வைக்கிறவரு கேப்பாரு, இவரு யாருக்குனா கடன் தரணுமான்னு. அப்போ மூணு வருஷச் சட்டத்தைச் சொல்லுவீங்களா?"

"அப்போ நான் எங்க பேசறது? படுத்துனு இருப்பேன்."

"நான் உக்காந்துனு இருப்பேனே. நான் இன்னா சொல்றது?"

யாராவது மடக்கினால் சந்தோஷத்தை ஜாஸ்தி செய்துகொள்வது சர்தார் பாஷாவின் வழக்கம். ஒரு பித்தளைத் தூக்கு நிறையப் பேடாவும் சர்க்கரை ஜீராவும் ஊற்றி மூடச் சொன்னார்.

"ஆபித், இதை எடுத்துனு வேலூர் போ. பேங்க் ஏஜெண்டு கோதண்டராமன் கையில குடு. மூணு வருஷமா என்னைத் தேடித் தேடிச் செருப்புத் தேஞ்சவரு. அதுவும் நம்ம தோல்தான். பாவம், வாய் இனிக்கட்டும்."

"ஒரு கடுதாசும் வச்சா மரியாதையா இருக்கும் மச்சான்."

சர்தார் பாஷாவுக்குக் கை துறுதுறுத்தது. மூன்று வருஷமாகப் பூட்டி வைத்த கை. பேனாவை எடுத்துத் தேதி போட்டு எழுதினார்: 'தங்களிடம் நான் வாங்கி இன்று வரை திருப்பித் தராத ரூபாய் மூவாயிரத்தையும் அதன் வட்டியையும் நன்றியோடு நினைத்து இந்த இனிப்பை அனுப்புகிறேன்.' கீழே, வால் நீட்டி, புள்ளி வைத்து, கோடு இழுத்து, ஒரு கையெழுத்து. பார்த்துப் பார்த்து ரசித்தார். கடிதத்தைத் தூக்கின் கைப்பிடியில் நூலால் கட்டினார்.

ஆபித் ஒன்பது மணிப் பாசஞ்சரைப் பிடிக்க ஓடினான்.

அவன் போய்க் கால்மணி நேரம் ஆகியிருக்கும். பக்கத்துப் போர்ஷனில் குடியிருக்கும் ஆரோக்கியசாமி வாடகையோடு வந்தார். ஆம்பூர் ஸ்டேஷனில் கூட்ஸ் கிளார்க். மாதம் எட்டு ரூபாய் வாடகை. வாங்குவது நசீமுன்னிசா, கதவுப் படுதாவுக்குப் பின்னாலிருந்து கை மட்டும் வரும், எண்ணும், உள்ளே போகும்.

இன்று கை வந்தது, எண்ணியது, உள்ளே போகவில்லை.

"இன்னா கிளார்க்கய்யா, ஒரு மாசம் குறையுதே" என்றது படுதா.

"இல்லம்மா. ஜனவரி மாச வாடகை இது. சரியா இருக்கு."

"நீங்க குடி வந்தது மூணு வருஷம் முன்னே, பெருநாள் வாரத்துல. இப்போ பெருநாள் வந்து போச்சு. மூணு வருஷத்துக்கு முப்பத்தாறு மாசம். நீங்க குடுத்தது இதோட முப்பத்தஞ்சு."

"முப்பத்தஞ்சுதாம்மா ஆச்சு. அங்க போய்க் கேட்டாலும் முப்பத்தஞ்சுன்னுதான் சொல்லுவாங்க."

"எங்க போய்?" என்றார் சர்தார் பாஷா.

படுதா இருமியது. ஆரோக்கியசாமியும் இருமினார்.

சர்தார் பாஷாவுக்கு அன்று உலகத்தின் மேலேயே பிரியமாக இருந்தது. நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு, கையில் ஒரு பேடாவோடு நீதிபதியாக உட்கார்ந்தார். "சண்டை வேணாம். நான் தீர்த்து வைக்கறேன். கிளார்க்கு, நம்ம வீட்ல ஜகாத்து தருமம் ரம்ஜானுக்கு ரம்ஜான் கணக்கு. ஷாப் கணக்கும் அப்படித்தான். எங்க அத்தா காலத்துலேர்ந்து வருஷம்னா ரம்ஜான்தான். அதனால வீட்டுக்காரி சொல்றது நியாயம். எட்டு ரூபா எடுங்க."

"பாய், உங்க வருஷம் பிறை வருஷம். இங்கிலீஷ் வருஷத்துக்குப் பத்துப் பதினோரு நாள் முந்திக்கும். மூணு வருஷம் ஆனா ஒரு மாசத்துக்கு மேல முந்திப் போய்டும். நான் வந்தது மார்ச் ஒண்ணாந் தேதி. மூணு வருஷம் முடியறதுக்கு இந்த பிப்ரவரி பூரா பாக்கி இருக்கு."

"சரி, உங்க கணக்கு உங்களுக்கு. ஊருக்கு எது கணக்கு?"

"சர்க்கார்னா இங்கிலீஷ் தேதிதான் பாய். சரக்கு தொலைஞ்சுதுன்னு ரயில்வே மேல கேஸ் போடறாங்களே, பிறை பாத்து எழுதி வச்சிருந்தாலும் கோர்ட்டு இங்கிலீஷ் கேலண்டரைத்தான் பாக்கும். கெடுன்னா அதான் கெடு."

சர்தார் பாஷாவின் வாய்க்கும் பேடாவுக்கும் நடுவே நாலு விரல் இடைவெளி இருந்தது. அந்த இடைவெளி அப்படியே நின்றது. ஜீரா சொட்டுச் சொட்டாகச் சட்டையில் விழுந்தது.

"கிளார்க்கு" என்றார் மெதுவாக. "நீங்க வந்த வாரம்தான் நான் பேங்குல பணம் வாங்கினேன்."

"ஆமா பாய். மார்ச் நாலு. அன்னிக்கு நீங்க பணத்தோட ரயில்லேர்ந்து இறங்கி எனக்குக்கூட டீ வாங்கிக் குடுத்தீங்க."

"அப்போ புரோநோட்டுக்குக் கெடு..."

"வர்ற மார்ச் நாலு."

"அது சாகலை?"

"நல்லா உசிரோட இருக்கு பாய்."

சர்தார் பாஷா பேடாவைத் தட்டில் வைத்தார். மூன்று வருஷம் கையைக் கட்டிக்கொண்டிருந்துவிட்டு, கெடுவுக்கு ஒரு மாதம் இருக்கும்போது, கடனை ஒத்துக்கொண்டு, தேதி போட்டு, கைப்பட எழுதி, கோடு வேறு இழுத்து, மேலே இனிப்பும் வைத்து எதிராளிக்கே அனுப்பியிருக்கிறார். அப்படி ஒரு காகிதத்துக்காக அந்த ஏஜெண்டு மூன்று வருஷம் வெயிலில் அலைந்தார்.

"நசீமா, என் செருப்பு எங்க?"

ஸ்டேஷனுக்கு அவரும் ஆரோக்கியசாமியும் வந்தபோது வண்டி மேல்பட்டி தாண்டியிருந்தது. "குடியாத்தத்துல பிடிக்கலாம். தந்தி அடிப்போம்" என்றார் ஆரோக்கியசாமி. தந்திப் பாரத்தை எடுத்து வைத்துக்கொண்டு, "இன்னா எழுதறது, சொல்லுங்க" என்றார்.

"ஆபித் பாஷா, மூணாங் கிளாஸ், காலைப் பாசஞ்சர். பேடாவும் கடுதாசும் கொடுக்காதே, உடனே திரும்பி வா, உன் மச்சான் சர்தார் பாஷா."

ஆரோக்கியசாமி பென்சிலால் எண்ணினார். "குறைஞ்ச கட்டணத்துக்கு உண்டான வார்த்தைக்கு மேல போகுது பாய். இனிமே வார்த்தைக்கு ஓரணா."

சர்தார் பாஷா பேரம் பேசிப் பிழைக்கிற வம்சம். வீடு தீப்பற்றினாலும் தண்ணீர் குடம் என்ன விலை என்று கேட்காமல் ஊற்றமாட்டார்கள்.

"உன் மச்சான் வேணாம். அது அவனுக்கே தெரியும். பாஷாவை வெட்டுங்க, சர்தார் போதும்."

"வெட்டியாச்சு."

"உடனே திரும்பி வா எதுக்கு? கொடுக்காதேன்னா திரும்பித்தானே ஆவணும். வெட்டுங்க."

"இன்னும் ஒரே வார்த்தைதான் ஜாஸ்தி. ஓரணாதானே பாய், இருந்துட்டுப் போவட்டும்."

"ஓரணா இன்னா மரத்துல காய்க்குதா? கடுதாசை வெட்டுங்க. அது தூக்குலதானே கட்டிக் கெடக்கு. பேடா நின்னா அதுவும் நிக்கும்."

தந்தி போயிற்று: 'பேடா கொடுக்காதே. சர்தார்.'

மத்தியானம் முழுக்க சர்தார் பாஷா ஸ்டேஷன் கூட்ஸ் கொட்டகையில், கட்டிவைத்த தோல் பேல்களின் மேல் உட்கார்ந்திருந்தார். ஷாப்பிலிருந்து மேஸ்திரி வந்து, மூணாம் தொட்டியில் பட்டை மாற்றலாமா என்று கேட்டான். மாற்று என்றார். அடுத்த மாதம் அது யார் தொட்டியோ என்று நினைத்தார்.

சாயங்கால வண்டி வந்தது. ஆபித் பாஷா காலித் தூக்கோடு இறங்கினான். நடையே ஒரு மாதிரி கனத்திருந்தது.

"மச்சான், சொன்னபடி செஞ்சுட்டேன். ஒரு பேடாகூட அவரு கண்ல காட்டலை. குடியாத்தத்துல ஸ்டேஷன் மாஸ்டரே என் பேரைச் சொல்லிக் கூப்டாரு. ஊர்ல எனக்கு இத்தினி மரியாதைன்னு தெரியாது. பொட்டியில இருந்தவங்களுக்கு ஆளுக்கொண்ணு குடுத்தேன். மிச்சத்தை நானே பாத்துக்கிட்டேன்."

"கடுதாசு?"

"அதைப் பத்தித் தந்தியில ஒண்ணும் இல்லையே. கையிலயே குடுத்துட்டேன். நின்னுனே ரெண்டு தடவை படிச்சாரு."

சர்தார் பாஷா எழுந்தார், உட்கார்ந்தார். அப்போது ஆபித்துக்குப் பின்னால் ஒரு கறுப்புக் குடை இறங்கியது. குடைக்குக் கீழே கோதண்டராமன்.

சர்தார் பாஷாவின் கால்கள் அவரைக் கேட்காமலேயே பேல்களுக்குப் பின்னால் போய்விட்டன. மூன்று வருஷப் பழக்கம்.

"பாய், வெளில வாங்க" என்றார் கோதண்டராமன். "இனிமே ஒளிஞ்சும் பிரயோஜனம் இல்லை, தேடியும் பிரயோஜனம் இல்லை. உங்களுக்கு நன்றி சொல்லத்தான் வந்தேன்."

"கிண்டல் பண்ண டிக்கெட் எடுத்து வந்தீங்களா?"

"கிண்டல் இல்லை. இதைப் பாருங்க." பையிலிருந்து ஒரு கட்டுக் காகிதம் எடுத்தார். "தாவா. எழுதி முடிச்சாச்சு. திங்கக்கிழமை கோர்ட்டுல போட இருந்தோம். எனக்கு ஆசையா? மார்ச் நாலு தாண்டினா கடன் போச்சு, அதோட என் உத்தியோகமும் போச்சு. கெடு என் கழுத்துல இருந்தது பாய், உங்க கழுத்துல இல்லை. உங்க ஷாப்பை இன்னிக்கு ஏலம் விட்டா எங்களுக்கு இன்னா வரும்? எட்டுத் தொட்டி நாத்தம் வரும். அதை வச்சு நான் டைரக்டர்களுக்குக் கணக்குச் சொல்லணும்."

"அதுக்கு?"

"நீங்க கையெழுத்துப் போட்டுட்டீங்களே. கெடு முடியறதுக்குள்ள கடனை ஒத்துக்கிட்டு எழுதிக் குடுத்தா, எழுதின நாள்லேர்ந்து புதுசா மூணு வருஷம். இனிமே எனக்கு அவசரம் இல்லை. தோல் விலை ஏறட்டும், நீங்க மெதுவாக் கட்டுங்க. இதைத்தான் மூணு வருஷமா உங்ககிட்டச் சொல்ல வந்தேன். என் குடையைக் கண்டாலே சுவரேறிக் குதிச்சா எப்படிச் சொல்றது?"

சர்தார் பாஷா பேல்களுக்குப் பின்னாலிருந்து மெல்ல வந்தார். "அப்போ தாவாவைக் கிழிச்சுப் போடுங்களேன்."

"அது என் கையில இல்லை. வெள்ளிக்கிழமை பெரிய டைரக்டர் ஆற்காட்லேர்ந்து வர்றாரு. அவரு சரின்னு சொல்லணும். கொஞ்சம் கறாரான மனுஷர். ஆனா மக்கன் பேடான்னா உசிரு. கடுதாசுல இனிப்பு அனுப்பியிருக்கேன்னு எழுதியிருந்தீங்க, இனிப்பு வரலையே?"

ஆரோக்கியசாமி உட்பட மூன்று பேரும் ஆபித் பாஷாவின் வயிற்றைப் பார்த்தார்கள்.

"வெள்ளிக்கிழமைக்குள்ள வேற தூக்கு வரும்" என்றார் சர்தார் பாஷா. குரலில் வியாபாரம் திரும்பியிருந்தது. "இப்போ பாக்கி எத்தினி, அதைச் சொல்லுங்க."

"இந்த நாலாந் தேதி வரைக்கும் மூவாயிரத்து எழுநூத்து எழுபது."

"தப்பு. மாசம் முப்பது வட்டி, முப்பத்தஞ்சு மாசம், ஆயிரத்து அம்பது. அசலோட நாலாயிரத்து அம்பது. இருநூத்து எம்பது கம்மியாச் சொல்றீங்க" என்று சொல்லி முடித்த பிறகுதான் நாக்கைக் கடித்துக்கொண்டார். கணக்கில் தப்பு கண்டால் அது யார் பக்கம் என்று பார்க்கும் முன்பே வாய் திறந்துவிடும்.

"தப்பில்லை பாய். மாசாமாசம் எட்டு ரூபா உங்க பேர்ல வரவு வருதே. ரயில்வே ஆளு ஒருத்தர் வேலூர் வரும்போது கட்டிட்டுப் போறாரு. யாரு குடுத்தனுப்பினதுன்னு கேட்டா வாயத் திறக்கமாட்டாரு. கடன் வாங்கினவரு கட்டலைங்கறதால கெடு நீளாது. ஆனா வரவு வரவுதானே. இந்த மாசத்தது இன்னும் வரலை. வந்துடும்னு சேர்த்துத்தான் சொன்னேன்."

சர்தார் பாஷா திரும்பினார். ஆரோக்கியசாமி ஒரு தோல் பேலின் மேலிருந்த விலாசச் சீட்டை, இதுவரை அப்படி ஒன்றைக் கண்டதே இல்லை என்பதுபோலப் படித்துக்கொண்டிருந்தார். அவர் சட்டைப் பையில், காலையில் படுதாவுக்குள் போன எட்டு ரூபாய், வேலூர் போவதற்காக மறுபடி வந்து உட்கார்ந்திருந்தது.

வீட்டுக்கு வந்தபோது விளக்கேற்றும் நேரம். நசீமுன்னிசா அரிசி புடைத்துக்கொண்டிருந்தாள்.

"ஷாப்பு?" என்று கேட்டாள், முறத்தைப் பார்த்தபடியே.

"வெள்ளிக்கிழமை தெரியும். இருக்கும்போலத்தான் தெரியுது."

"ம்."

"கிளார்க்கு ஒரு மாச வாடகை பாக்கின்னு காலையில அத்தினி சண்டை போட்டியே. எதுக்கு?"

"வர வேண்டியது வரணும்ல."

"வந்து எங்க போவணும்?"

முறம் நின்றது. "எங்க போவணுமோ அங்க" என்றாள். "படுத்துனு இருக்கப் போறவரு நீங்க. பதில் சொல்லப் போறவ நான்."

சர்தார் பாஷா பையிலிருந்த தந்திப் பாரத்தின் நகலை எடுத்துப் பின்பக்கம் திருப்பினார். அவள் பக்கத்தில் உட்கார்ந்து, எழுத எழுத வாய்விட்டுப் படித்தார்.

அசல், ரூபாய் மூவாயிரம்.

வட்டி, ஆயிரத்து ஐம்பது. பிறைக் கணக்குப் போட்டிருந்தால் முப்பது ஜாஸ்தி.

வரவு, முப்பத்தைந்து வாடகை, இருநூற்று எண்பது.

பேங்குக்குப் பாக்கி, மூவாயிரத்து எழுநூற்று எழுபது.

தந்தியில் மிச்சம், ஓரணா.

டைரக்டருக்குப் பாக்கி, ஒரு தூக்கு மக்கன் பேடா. ஆபித் பற்றில் எழுதவும்.

நசீமுன்னிசாவுக்குப் பாக்கி. தொகை எழுதவில்லை. கெடு கிடையாது.

கீழே, வால் நீட்டி, புள்ளி வைத்து, கோடு இழுத்து, சர்தார் பாஷா.